பங்கு போட்ட தூசி

அந்தப் புஸ்தகத்துல நூத்தி அறுபத்தோராம் பக்கம் எனக்கு மனப்பாடம். தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். "இந்த மக்கள் வேலையை மட்டும் பகிர்ந்துகொள்ளவில்லை, தூசியையும் பகிர்ந்துகொண்டார்கள். ஒருவர் நுரையீரலுக்கு இன்னொருவர் காவல் நின்ற சமூகம் இது." எப்படி இருக்கு? கண்ணுல தண்ணி வருது இல்ல? எனக்கும் வந்துச்சு, முதல் தடவை படிச்சப்ப. இப்ப அந்தப் பக்கத்தைப் பார்த்தா பல்லை நறநறன்னு கடிக்கத்தான் தோணுது.

எழுதினது ஒரு புரொபசரம்மா. சமூகவியல். தொழிற்சாலை மூடின இடத்துல ஜனங்க என்ன ஆகறாங்கன்னு ஆராய்ச்சி பண்றது அவங்க வேலை. எங்க கம்பெனி மூடின ரெண்டாவது வருஷம், தோள்ல ஒரு பையும் கையில ஒரு நோட்டுமா எங்க லைனுக்கு வந்தாங்க. லைன்னா கம்பெனி கட்டிக் குடுத்த வீடுங்க. வரிசையா ஒட்டி ஒட்டி இருக்கும். ஒரு வீட்ல தும்மினா மூணாவது வீட்ல இருந்து மருந்து சொல்வாங்க. அங்கேயே ஒரு ரூம் வாடகைக்கு எடுத்து ஒண்ணரை வருஷம் தங்கினாங்க. யார் வீட்ல அடுப்பு எரிஞ்சாலும் ஒரு வாய் சாப்பிட்டாங்க. என்னை அக்கா அக்கான்னு கூப்பிட்டாங்க. என்னைவிட நாலு வயசு மூத்தவங்க, அது வேற விஷயம்.

கம்பெனி என்ன பண்ணுச்சுன்னு சொல்லிடறேன், சிரிக்கறவங்க சிரிச்சு முடிச்சுக்குங்க. கக்கூஸ் கோப்பை. கை கழுவற பேசினும் உண்டு, ஆனா முக்கால்வாசி கக்கூஸ்தான். பாதி உலகம் நம்ம மேலதான்கா உட்கார்ந்திருக்குன்னு என் தம்பி சொல்வான். களிமண்ணைக் கரைச்சு அச்சுல ஊத்தி, காய வெச்சு, தேய்ச்சு, பூச்சு அடிச்சு, சூளையில சுடணும். நான் செக்கிங். சுட்டு வந்த கோப்பையை மரச் சுத்தியால தட்டி, சத்தத்தை வெச்சே உள்ள விரிசல் இருக்கா இல்லையான்னு சொல்வேன். பத்தொம்பது வருஷம் அதுதான் என் சோறு. தம்பி பேக்கிங். சூளையில இருந்து வந்ததை வைக்கோல் சுத்திப் பெட்டியில அடைக்கறது.

இதுல தூசி ரூம்னு ஒண்ணு இருந்துச்சு. காஞ்ச கோப்பையை உப்புத்தாள் போட்டுத் தேய்ச்சு, காத்துக் குழாய் வெச்சு ஊதுவாங்க. உள்ள போனா எதிர்ல நிக்கறவன் முகம் தெரியாது. அந்த வேலைக்குன்னு தனி ஆள் கிடையாது. அச்சு, பூச்சு, செக்கிங் ஆளுங்க எல்லாரும் முறை வெச்சு மாசத்துல ஒரு வாரம் உள்ள போகணும். பேக்கிங்குக்கு மட்டும் முறை இல்ல. ஆளாளுக்கு நம்பர் போட்ட பித்தளை டோக்கன் உண்டு. அது எந்தப் பலகையில தொங்குதோ அங்க நாம வேலை பார்த்ததா ரிஜிஸ்டர்ல ஏறும். ஃபோர்மேன் டோக்கனைத்தான் பார்ப்பார், மூஞ்சியைப் பார்க்க மாட்டார்.

அங்கதான் எங்க ஆளுங்க புத்தி வேலை செஞ்சுச்சு. முறை வந்தவன் தன் டோக்கனைத் தூசி ரூம் பலகையில மாட்டிட்டு, வேற ஒருத்தனை உள்ள அனுப்புவான். போறவனோட டோக்கன் இவன் இடத்துல தொங்கும். ரெண்டு பேரும் கணக்குல இருப்பாங்க, ஆள் மட்டும் மாறியிருக்கும். இதுக்குப் பேரு கைமாத்து. கைமாத்துன்னா என்ன? இன்னைக்கு வாங்கினா நாளைக்குத் திருப்பணும். வட்டி வேண்டாம், ஆனா திருப்பணும். அந்த அம்மா நோட்டு நோட்டா எழுதினதுல இந்த ஒண்ணைக் கேக்கவே இல்ல. திருப்பினது யாருன்னு கேக்கவே இல்ல.

ஏன்னா கைமாத்துக்கு உள்ள போனது ஒரே ஒருத்தன். என் தம்பி. பேக்கிங்காரன், முறையே இல்லாதவன்.

அவனை எல்லாரும் எஞ்சின்னுதான் கூப்பிடுவாங்க. சைக்கிள்ல என்னைப் பின்னால உட்கார வெச்சு கம்பெனி மேட்டுல இறங்காம மிதிப்பான். மூச்சு வாங்காது, பாட்டு வேற பாடிக்கிட்டே போவான். கல்யாணம் பண்ணிக்கல. என் வீட்டுக்காரர் சின்னவ வயித்துல இருக்கறப்பவே கிளம்பிட்டார். செத்தெல்லாம் போகல, கிளம்பிட்டார். அன்னைல இருந்து இவன்தான் வீட்டுக்கு ஆம்பிளை. யாராவது வந்து எஞ்சினு, எனக்கு இருமலா இருக்குடா, என் பொண்டாட்டி மாசமா இருக்காடா, எனக்கு வயசாயிடுச்சுடான்னா போதும், சரி விடுங்கன்னு உள்ள போயிடுவான். இளிச்சவாயன். நான் எத்தனை தடவை திட்டியிருக்கேன்! ஊருக்கெல்லாம் நீ என்ன நேர்ந்து விட்ட ஆடான்னு கேப்பேன். சிரிப்பான்.

இப்ப அவனுக்கு நாப்பத்தாறு வயசு. வாசல்ல இருக்கற குழாய் வரைக்கும் போய்த் திரும்பி வர நாலு தடவை உட்கார்றான். படுத்தா மூச்சு முட்டும், அதனால சுவத்துல சாய்ஞ்சு உட்கார்ந்துகிட்டே தூங்கறான். எக்ஸ்ரே எடுத்த டாக்டர் படத்தை வெளிச்சத்துல பிடிச்சுப் பார்த்துட்டு, என்ன வேலை பார்த்தீங்கன்னு கேட்டார். பேக்கிங்னு சொன்னான் பாருங்க, எனக்கு வந்துச்சே ஆத்திரம். வீட்லயே ஆக்சிஜன் மெஷின் வெச்சுக்கணும்னு டாக்டர் எழுதிக் குடுத்தார். அதை விலைக்கு வாங்கற நிலையில நாங்க இல்ல.

அந்த நேரத்துலதான் லேபர் ஆபீஸ்ல உத்தரவு வந்துச்சு. தூசி ரூம்ல ஐந்நூறு நாளுக்கு மேல வேலை பார்த்தவங்களுக்கு ஒரு கார்டு. அந்தக் கார்டு இருந்தா ஆஸ்பத்திரி எல்லாம் இலவசம், மெஷின் வீட்டுக்கே வரும். கம்பெனி ரிஜிஸ்டரைப் பார்த்துப் பட்டியல் போட்டுச் சங்கத்துச் சுவத்துல ஒட்டினாங்க. அறுபத்து மூணு பேர். மேல இருந்து கீழ வரைக்கும் விரல் வெச்சுப் படிச்சேன். கீழ இருந்து மேல படிச்சேன். தம்பி பேர் இல்ல.

என் பேர் இருந்துச்சு.

இதைச் சொல்லாம மறைச்சா நான் மனுஷியே இல்ல, அதனால சொல்லிடறேன். அந்த ரூம் வாசப்படியை நான் மிதிச்சதே இல்ல. நாங்க பொம்பளைங்க சம கூலி கேட்டுப் போராடி வாங்கினப்ப, சம கூலின்னா சம முறைன்னு சொல்லி எங்களுக்கும் தூசி வாரம் போட்டாங்க. கூட இருந்த ரெண்டு செக்கிங் பொம்பளைங்களும் போனாங்க. என்னை மட்டும் ஃபோர்மேன் கூப்பிடல. காத்துக் குழாய்ச் சத்தத்துல நின்னா காது மந்தமாகும், விரிசல் சத்தம் கேக்காது, உன் காது கம்பெனிக்கு வேணும்னு ஒரு நாள் அவர் வாயாலேயே சொன்னார். நானும் காதுல தங்கம் போட்ட மாதிரி அதையே சொல்லிக்கிட்டுத் திரிஞ்சேன். அந்த ரெண்டு பேரும் என்னை முறைக்கறப்ப பொறாமைன்னு நினைச்சேன். அதனால பட்டியல்ல என் பேரைப் பார்த்ததும், சரி, கணக்கு எழுதினவன் கோளாறுன்னு வாயை மூடிக்கிட்டு கார்டை வாங்கிக்கிட்டேன். அதைக் காட்டி முட்டி வலிக்கு வைத்தியம் கூடப் பார்த்துக்கிட்டேன். திருடின்னு சொல்றீங்களா, சொல்லிக்குங்க.

தம்பி எக்ஸ்ரேயைத் தூக்கிக்கிட்டு லேபர் ஆபீஸுக்குப் போனேன். அங்க ஒரு ஆபீசர். கெட்டவர் இல்ல, உட்காரச் சொன்னார். கம்ப்யூட்டர்ல தேடி ஒரு தாள் எடுத்துக் குடுத்தார். தம்பி பேருக்கு நேரா பேக்கிங் இத்தனை நாள், அச்சு இத்தனை நாள், செக்கிங் அறுநூத்திப் பன்னெண்டு நாள். தூசி ரூம் பூஜ்யம். எனக்குச் சிரிப்பே வந்துடுச்சு. இவன் செக்கிங்கா? விரிசலுக்கும் தலைமுடிக்கும் வித்தியாசம் தெரியாது இவனுக்கு. கேக்கறவன் கேனையனா இருந்தா எருமை ஏரோப்ளேன் ஓட்டுமான்னு கேட்டேன். ரிஜிஸ்டர் பூராவும் பொய் சார், டோக்கன்தான் தொங்கும், ஆள் வேற எங்கேயோ இருப்பான்னு, கைமாத்துக் கதையை ஒண்ணு விடாம எடுத்துச் சொன்னேன். பைக்குள்ள இருந்து புஸ்தகத்தை எடுத்து நூத்தி அறுபத்தோராம் பக்கத்தைப் பிரிச்சுக் காட்டினேன்.

அவர் பொறுமையாப் படிச்சார். உங்க தம்பி பேர் இதுல எங்க இருக்குன்னு கேட்டார். பேரெல்லாம் மாத்திப் போட்டிருக்காங்க சார்னேன். இதுல வர்றவர் கல்யாணம் ஆனவர், ரெண்டு குழந்தைன்னு போட்டிருக்கேன்னார். அது மூணு பேரைச் சேர்த்து ஒரு ஆளாப் பண்ணியிருக்காங்கன்னேன். மூணு பேரைச் சேர்த்துப் பிசைஞ்சு ஒரு ஆள்! நாங்க பண்ணின கோப்பைக்குக் கூட தனித்தனி அச்சு உண்டு. ஆபீசர் புஸ்தகத்தை மூடி என் பக்கம் நகர்த்தினார்.

"அம்மா, ரிஜிஸ்டர் பொய்னு நீங்களே சொல்றீங்க. அப்ப அந்த ரிஜிஸ்டரைப் பார்த்து நான் குடுத்த அறுபத்து மூணு கார்டும் பொய்யா?"

என் கார்டு என் பைக்குள்ள இருந்துச்சு. பையை இழுத்து மடியில வெச்சுக்கிட்டேன்.

யாராவது ஒருத்தர் வந்து, என் டோக்கனுக்கு இவர்தான் நின்னார்னு எழுதிக் குடுத்தா அந்த நாள் எல்லாம் உங்க தம்பிக்கு மாறும், ஐந்நூறு தாண்டினா கார்டு கிடைக்கும்னு வழியும் அவரே சொன்னார். எழுதிக் குடுக்கறவர் கார்டு போயிடும்னும் சொன்னார்.

நேரா மீசை வீட்டுக்குப் போனேன். அச்சுல இருந்த ஆள், எங்களுக்கு எதிர் வீடு. மீசைக்கு மட்டும் தம்பி நூத்தி எண்பது நாளாவது நின்னிருப்பான். அன்னைக்கு என்னைப் பார்த்ததும் நாற்காலி போட்டார், எஞ்சின் எப்படி இருக்கான்னு கேட்டுக் கண் கலங்கினார். விஷயத்தைச் சொன்னதும் கண்ணு காய்ஞ்சு போச்சு. எஞ்சினுக்காக என் உயிரையே குடுப்பேன், ஆனா கார்டைக் கேக்காதேன்னார். உயிர் யாருக்கு வேணும், அதான் கேக்கறதுக்கு முன்னாடியே குடுக்கறேங்கறார். இன்னும் அஞ்சு வீடு ஏறி இறங்கினேன். ஒருத்தருக்கு ஞாபகமில்ல. ஒருத்தர் வீட்ல இல்லைன்னு அவரே உள்ள இருந்து சொல்லச் சொல்றது எனக்குக் கேட்டுச்சு. செக்கிங்ல என்னோட இருந்தவ மட்டும் என்னை ஒரு மாதிரி பார்த்துட்டு, நீ ஏன் வீடு வீடா அலையறேன்னு கேட்டா. எனக்குப் புரியல. கதவைச் சாத்திட்டா.

கடைசியில புரொபசரம்மா இருக்கற காலேஜுக்கே போய்ட்டேன். மூணு மாடி. முட்டி வலியோட ஏறினேன். ரூம் முழுக்கப் புஸ்தகம். சுவத்துல ஒரு பரிசுப் பட்டயம் கண்ணாடி போட்டுத் தொங்குது, எங்களைப் பத்தி எழுதினதுக்கு. ஜன்னல் ஓரத்துல எங்க கம்பெனிக் கோப்பை ஒண்ணு, சின்னது, மாதிரிக்குப் பண்றது. அதுல பேனா போட்டு வெச்சிருக்காங்க. அக்கான்னு எழுந்து வந்து கையைப் பிடிச்சாங்க. நான் கையை உருவிக்கிட்டேன்.

எக்ஸ்ரேயை மேசை மேல போட்டேன். உங்க நோட்டு வேணும்னேன். மாத்தாத பேரு, மாத்தாத நம்பர், யாருக்கு யார் நின்னாங்கன்னு நீங்க கேட்டுக் கேட்டு எழுதினது எல்லாம். நீங்க வந்து ஆபீஸ்ல சொன்னாப் போதும், நாங்க சொன்னா பொய், நீங்க சொன்னா ஆராய்ச்சி. அவங்க முகம் வெளுத்துப் போச்சு. அந்த நோட்டை யாருக்கும் காட்ட மாட்டேன்னு ஒவ்வொருத்தர்கிட்டயும் சத்தியம் பண்ணித்தான் கேட்டேன்கா, காட்டினா அத்தனை பேர் கார்டும் போயிடும்னாங்க. எனக்குத் தலைக்கு ஏறிடுச்சு. அந்தப் பக்கத்தை எடுத்து அவங்க எதிர்லயே சத்தமாப் படிச்சேன். பகிர்ந்துகொண்டார்கள். காவல் நின்ற சமூகம்.

"பங்கு எங்கம்மா போட்டோம்? எல்லாத்தையும் ஒருத்தன் தலையில கட்டினோம். அதுக்குப் பேரு பங்கா?"

அவங்க மெதுவா, எனக்கும் தெரியும்கான்னாங்க. தெரியுமாம்! வெளியில இருக்கறவங்க எங்களைச் சோம்பேறி, குடிகாரன், கம்பெனியை மூட வெச்சவங்கன்னு பேசினாங்களாம். அவங்க வாயை அடைக்கறதுக்கு எங்களைப் பத்தி நல்லதா எழுதணும்னு நினைச்சாங்களாம். எங்களை யார் நல்லவங்களாக்கச் சொன்னது? நாங்க நல்லவங்களானதுல ஒருத்தன் உட்கார்ந்துகிட்டே தூங்கறான். ஊரார் வீட்டு நெய்யே என் பொண்டாட்டி கையேன்னு, அவன் நுரையீரலை எடுத்து ஊருக்கே பாராட்டு பரிமாறியிருக்கீங்கன்னு சொன்னேன். அழுதாங்க. அழட்டும்னு விட்டேன்.

அந்த அறுபத்து மூணு பேர்ல எத்தனை பேருக்கு அவன் நின்னான், அதையாவது சொல்லுங்கன்னேன். சொல்ல மாட்டேன்னாங்க. மீசையை விடுங்க, அதிகமா யாருக்கு நின்னான், அந்த ஒருத்தர் பேரைச் சொல்லுங்க, அந்த வீட்டு வாசல்ல போய் உட்கார்றேன், பட்டினி கிடக்கறேன், மானத்தை வாங்கறேன்னு கத்தினேன். பக்கத்து ரூம்ல இருந்து ரெண்டு பேர் எட்டிப் பார்த்தாங்க. அவங்க எழுந்து போய்க் கதவைச் சாத்திட்டு வந்து எனக்கு எதிர்ல உட்கார்ந்தாங்க.

"இது ஒண்ணைத்தான் அவர் என்கிட்ட தனியாக் கேட்டுக்கிட்டார், சொல்லக் கூடாதுன்னு. அவர் அதிகமா நின்னது உங்க டோக்கனுக்குக்கா."

பொய்னேன். மேசையைத் தட்டினேன். நீங்க எழுதினதும் பொய், சொல்றதும் பொய்னு சொல்லிட்டு எக்ஸ்ரேயை எடுத்துக்கிட்டு இறங்கி வந்துட்டேன். பஸ்ல உட்கார்ந்ததும்தான் அந்த ஆபீஸ் தாளை எடுத்துப் பார்த்தேன். செக்கிங் அறுநூத்திப் பன்னெண்டு நாள். என் கார்டை எடுத்துத் திருப்பினேன். பின்னால சின்ன எழுத்துல போட்டிருந்துச்சு, தூசி ரூம் அறுநூத்திப் பன்னெண்டு நாள். ரெண்டும் ஒரே பைக்குள்ள தான் இருந்துச்சு இத்தனை நாளும்.

கம்பெனி கேட்ல பொம்பளைங்க வரிசை நீளமா இருக்கும். குடுக்கா, உன் டோக்கனையும் நானே மாட்டிடறேன்னு தினமும் வாங்கிட்டுப் போவான். சம கூலி வந்ததுல இருந்து ஒன்பது வருஷம். ஒரு நாள் கூட நான் பலகையை நிமிர்ந்து பார்க்கல. வீட்டுக்கு வர்றப்ப வெள்ளையா வருவான். கம்பெனியில எல்லாரும் வெள்ளையாத்தான் வருவோம். மத்தவனுங்களுக்கு நின்னுட்டு வர்றான்னு அதுக்கும் அவனைத்தான் திட்டினேன். உனக்குச் சூடு சொரணை இருக்கான்னு கேட்டிருக்கேன். அப்பவெல்லாம் அவன் எனக்காக நின்னுட்டு வந்து என் திட்டையே வாங்கியிருக்கான். பஸ்ல எல்லாரும் பார்க்கப் பார்க்க என் வாய் மேலேயே ரெண்டு போட்டுக்கிட்டேன்.

வீட்டுக்கு வந்தப்ப சுவத்துல சாய்ஞ்சு உட்கார்ந்திருந்தான். கார்டையும் தாளையும் அவன் மடியில போட்டேன். எதுக்குடா இப்படிப் பண்ணினேன்னேன். புரொபசரம்மாவை ஒரு வார்த்தை திட்டினான். அப்புறம் சொன்னான். ஒவ்வொரு பேச்சுக்கும் நடுவுல மூச்சு வாங்கிக்கிட்டுச் சொன்னான்.

"அப்ப நீ மாசமா இருந்தே. அப்புறம் சின்னவ பால் குடிச்சுட்டிருந்தா. அப்புறம்... பழகிடுச்சுக்கா."

காது கதையும் இவன் பண்ணினதுதானாம். அக்காகிட்ட இப்படிச் சொல்லுங்க சார், அவளுக்குப் பெருமையா இருக்கும்னு ஃபோர்மேன்கிட்டக் கேட்டுக்கிட்டானாம். கேட்டுட்டு நான் அடுப்படிக்குப் போய், தண்ணிக் குடத்தைப் பிடிச்சுக்கிட்டு அழுதேன். அழுகை பாதி, ஆத்திரம் பாதி. அவன் மேலயா, ஃபோர்மேன் மேலயா, எல்லாத்துக்கும் மேல என் மேலயான்னு பிரிக்கத் தெரியல. சின்னவளுக்கு இப்ப கல்யாணமே ஆகிடுச்சு. பால் குடிச்சது ஒரு வருஷம். மீதி எட்டு வருஷம் என்ன கணக்கு? சும்மா, எனக்குச் சுகமா இருக்கட்டும்னு.

காலையில லேபர் ஆபீஸுக்குக் கிளம்பினேன். போகாதேன்னான். நீ போய் வாயைத் திறந்தா எல்லார் கார்டையும் நோண்டுவாங்க, மீசை மாமாவுக்குச் சக்கரை வியாதி, அந்தக் கார்டுலதான் மருந்து வாங்கறார்னு சொன்னான். இவனுக்கு மூச்சு விட வக்கில்ல, மீசையோட சக்கரைக்கு இவன் கவலைப்படறான். வாசல் வரைக்கும் என் முந்தானையைப் பிடிச்சுக்கிட்டு வந்தான். நாலு எட்டு வெச்சதும் உட்கார்ந்துட்டான். உட்கார்ந்தவனைத் தாண்டிக்கிட்டுத்தான் போனேன்.

ஆபீசர் எதிர்ல கார்டை வெச்சேன். நான் அந்த ரூமுக்குள்ள ஒரு நாள் கூடப் போனதில்ல, அந்த அறுநூத்திப் பன்னெண்டு நாளும் என் தம்பியோடதுன்னு என் கைப்பட எழுதிக் குடுத்தேன். இதுவரைக்கும் கார்டை அனுபவிச்சது தப்புன்னும் எழுதச் சொன்னார், எழுதினேன். இனிமே மொத்தப் பட்டியலையும் விசாரிக்க வேண்டியிருக்கும்னார். விசாரிங்கன்னேன். வேற யார் யாருக்கு உங்க தம்பி நின்னார்னு கேட்டார். மீசை பேர் நாக்கு நுனியில நின்னுச்சு. முழுங்கிட்டேன். அது அவனுக்காக முழுங்கினது, மீசைக்காக இல்ல.

சொல்லாட்டியும் விசாரணை விசாரணைதான். ஒவ்வொருத்தரையா கூப்பிட்டு, எந்தெந்த வாரம் உள்ள போனே, பக்கத்துல யார் நின்னான்னு கேட்டாங்க. போகாத வாரத்துக்கு என்னத்தைச் சொல்வான்? அதைக் கழிச்சதுல ஐந்நூறு தேறாம பதினாலு கார்டு போச்சு. மீசை கார்டும் போச்சு. எங்க வாசல்ல வந்து நின்னு காறித் துப்பினார். குழாயடிக்கு நான் போனா எல்லாரும் குடத்தை எடுத்துக்கிட்டு நகர்ந்துக்கறாங்க. ஒருத்தர் நுரையீரலுக்கு ஒருத்தர் காவல் நின்ற சமூகம், ஒரு குடம் தண்ணிக்கு வழி விட மாட்டேங்குது. போனாப் போகுது. நானும் அவங்களைப் பார்த்து முகத்தைத் திருப்பிக்கறேன்.

புரொபசரம்மா போன் பண்ணினாங்க. புஸ்தகம் ரெண்டாம் பதிப்பு வருதாம். அந்தப் பக்கத்தை எடுத்துட்டு உண்மையை எழுதறாங்களாம். ஒரு அக்காவோட டோக்கனுக்குத் தம்பி நின்ன கதையை, அடையாளம் தெரியாம மாத்தி எழுதலாமான்னு கேட்டாங்க. மாத்தக் கூடாதுன்னேன். என் டோக்கன் நம்பர் இருநூத்தி நாலு, அதைப் போட்டு எழுதுங்க, அந்த நம்பர்காரி ஒன்பது வருஷம் பலகையை நிமிர்ந்து பார்க்கலன்னு எழுதுங்கன்னேன். சொல்லிட்டு நானே போனை வெச்சுட்டேன்.

மெஷின் அதுக்கு முந்தின வாரமே வந்துடுச்சு. ரெண்டு பேர் தூக்கிட்டு வந்து, சுவத்தோரமா வெச்சு, அவன் மூக்குல குழாயை மாட்டி, எப்படிப் போடணும் எப்படி அணைக்கணும்னு எனக்குச் சொல்லிக் குடுத்துட்டுப் போனாங்க. முதல் நாளே காலை நீட்டிப் படுத்துத் தூங்கினான். படுத்துத் தூங்கி ரெண்டு வருஷம் ஆச்சு அவன். நான் பக்கத்துல உட்கார்ந்து நெஞ்சு ஏறி இறங்கறதையே பார்த்துக்கிட்டிருந்தேன். எழுந்ததும் தண்ணி குடிக்கறியாடான்னேன். என்னைப் பார்த்துக் கடைசியா ஒண்ணு சொன்னான்.

"நான் குடுத்ததை எல்லாம் நீ பிடுங்கிட்டேக்கா."

அதோட சரி. அன்னைல இருந்து என்கிட்ட ஒரு வார்த்தை இல்ல. இருபத்தாறு நாள் ஆச்சு. வைக்கற சோத்தைச் சாப்பிடறான். மருந்தைக் குடுத்தா வாங்கிக்கறான். மகள் போன் பண்ணினா சிரிச்சுச் சிரிச்சுப் பேசறான், என் பக்கம் திரும்பினா முகம் சுவத்துக்குப் போயிடுது. எத்தனை விதமாப் பேசிப் பார்த்துட்டேன். கெஞ்சினேன், திட்டினேன், பழைய கதை சொல்லிச் சிரிக்க வைக்கப் பார்த்தேன். நேத்து ராத்திரி கரண்ட் ரெண்டு நிமிஷம் போய் வந்துச்சு. நான் ஓடி வந்து மெஷினைப் போட்டுவிட்டுக் குழாயைச் சரி பண்ணினேன். கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தான், பார்த்துட்டு உடனே மூடிக்கிட்டான்.

பேசாட்டிப் போடான்னேன். மூச்சை விடு, எனக்கு அது போதும்.